பந்தோபஸ்துக்கு முன் ஒரு உத்தரவு

கோவை ஆர்.எஸ்.புரத்தின் பெரிய ரோடுகள் நூல் பிடித்தாற்போல நேராக ஓடுபவை. டி.பி. ரோடு, டி.வி.சாமி ரோடு, கௌலி பிரவுன் ரோடு எல்லாமே திட்டமிட்டுப் போடப்பட்டவை. சிக்கல் அவற்றின் பின்புறத்தில் இருக்கிறது. ஒரே வீடாக இருந்த மனைகள் பாகப்பிரிவினையில் முன்பாகம், பின்பாகம் என்று பிரிந்து, நடுவே ஆறடிச் சந்து ஒன்று பொதுவழி என்று பத்திரத்தில் எழுதப்பட்டு நிற்கிறது. பின்பாகத்துக்காரர் மாடி எடுக்கிறார், லிஃப்ட் வைக்கிறார், மும்முனை இணைப்பு கேட்கிறார். மின்வாரியம் எஸ்டிமேட் போட்டு, பணம் கட்டச் சொல்லி, ஆளும் அனுப்புகிறது. கேபிள் டிரம் சந்து முனையில் இறங்குகிறது. முன்பாகத்துக்காரர் காரைக் குறுக்கே நிறுத்திவிட்டு, “இது எங்க எடமுங்க, ஒரு அடி தோண்டக்கூடாது” என்கிறார். லைன்மேன் உதவிப் பொறியாளருக்குப் போன் போடுகிறார். “பிரச்சினைய முடிச்சுட்டுக் கூப்பிடச் சொல்லு” என்று பதில் வருகிறது. வந்த வண்டி திரும்பிப் போகிறது. பணம் கட்டியவர் காவல் நிலையத்துக்குப் போனால், “இது சிவில் மேட்டருங்க, கோர்ட்டுல பாத்துக்குங்க” என்று ஒரு சி.எஸ்.ஆர். ரசீதைக் கொடுத்து அனுப்புகிறார்கள். உரிமையியல் நீதிமன்றத்திலோ வழக்கு வாய்தா வாய்தாவாக வருடக்கணக்கில் நகரும். அதுவரை லிஃப்ட் ஓடாது, மோட்டார் ஓடாது, சில வீடுகளில் விளக்கும் எரியாது.

இப்படி மாட்டிக்கொண்டவருக்கு முதலில் தோன்றுவது போலீஸ் பாதுகாப்பு கேட்டு உயர் நீதிமன்றம் போவது. மின்வாரியம் சட்டப்படி செய்யும் வேலையைத் தடுக்க அண்டை வீட்டுக்காரருக்கு என்ன அதிகாரம், நாலு காவலர்களை நிறுத்தி வேலையை முடித்துக் கொடுக்க வேண்டியதுதானே என்ற கேள்வி நியாயமாகவே படும். ஆனால் அந்தக் கேள்வி ஒரு படியைத் தாண்டிக் குதிக்கிறது. காவலருக்கு முன்னால் ஒரு எழுத்துப்பூர்வ உத்தரவு இருக்க வேண்டும். தடுப்பவர் தரப்பையும் கேட்ட பிறகு, அதிகாரம் உள்ள ஓர் அலுவலர் கையெழுத்திட்ட உத்தரவாக அது இருக்க வேண்டும். அது வந்துவிட்டால் காவல்துறை “சிவில் மேட்டர்” என்று நழுவ முடியாது. அது வராத வரை காவல்துறை தலையிடவும் கூடாது. அந்த உத்தரவைக் கேட்டு வாங்கும் வேலை விண்ணப்பதாரர் தலையில் விழக்கூடாது. மின்வாரியமே, குடிநீர் என்றால் மாநகராட்சியே, அதைச் செய்ய வேண்டும். நம் ஊரில் இந்த மூன்றுமே தலைகீழாக நடக்கின்றன.

சட்டம் என்ன சொல்கிறது என்று பார்த்தால் வியப்பாகத்தான் இருக்கும், ஏனென்றால் இந்தச் சந்துச் சண்டையை அது முன்கூட்டியே யோசித்து வைத்திருக்கிறது. 2003-ஆம் ஆண்டு மின்சாரச் சட்டத்தின் 43-ஆம் பிரிவு, கட்டடத்தின் உரிமையாளரோ குடியிருப்பவரோ விண்ணப்பித்தால் ஒரு மாதத்துக்குள் மின்சாரம் கொடுக்க வேண்டியது உரிமதாரரின் கடமை என்கிறது. உரிமதாரர் என்றால் இங்கே மின்வாரியம். அதன் விநியோகப் பணி 2024 முதல் தமிழ்நாடு மின் பகிர்மானக் கழகம் என்ற பெயரில் நடக்கிறது. மக்கள் வாயில் அது இன்னும் ஈ.பி.தான். 67-ஆம் பிரிவு தெருவைத் தோண்டவும் கம்பி பதிக்கவும் அதிகாரம் கொடுக்கிறது. அந்தப் பிரிவின் கீழ் மத்திய அரசு 2006-இல் உரிமதாரர் பணிகள் விதிகளைக் கொண்டுவந்தது. அதன் மூன்றாவது விதிதான் நமக்கு முக்கியம். இதற்குமுன் மின்பாதை போடப்படாத தனியார் நிலத்திலோ கட்டடத்திலோ புதிதாகப் போட வேண்டுமானால், உரிமையாளர் அல்லது குடியிருப்பவரின் முன்சம்மதம் வேண்டும். அவர் ஆட்சேபித்தால், மாவட்ட நடுவராகச் செயல்படும் ஆட்சியரிடமோ, காவல் ஆணையரிடமோ, மாநில அரசு அதிகாரம் கொடுத்த வேறு அலுவலரிடமோ எழுத்துப்பூர்வ அனுமதி பெற்று வேலையைச் செய்யலாம். அனுமதி வாங்க வேண்டியவர் உரிமதாரர் என்று விதி பெயர் சொல்லியே எழுதியிருக்கிறது. விண்ணப்பதாரர் அந்த வாக்கியத்தில் எங்குமே இல்லை.

காவல் ஆணையர் என்ற சொல்லை இன்னொரு முறை கவனிக்க வேண்டும். ஆர்.எஸ்.புரம் கோவை மாநகரக் காவல் ஆணையரகத்தின் எல்லைக்குள் வருகிறது. ஆக, இந்த ஊரில் காவல்துறையின் தலைமை அதிகாரிக்கே இந்தத் தகராறைத் தீர்த்துவைக்கும் அதிகாரத்தை விதி கொடுத்திருக்கிறது. பாதுகாப்புக்கு ஆள் அனுப்புவது அதற்கு அடுத்த வேலை. அனுமதி கொடுக்கும்போது இரு தரப்பு முறையீட்டையும் கேட்டு, நிலத்துக்காரருக்கு உரிமதாரர் கொடுக்க வேண்டிய இழப்பீட்டையோ ஆண்டு வாடகையையோ அவர் நிர்ணயிக்க வேண்டும். அந்த உத்தரவு பிடிக்கவில்லை என்றால் மின்சார ஒழுங்குமுறை ஆணையத்திடம் மறுஆய்வு கேட்கலாம். வேலை முடிந்து பல வருடம் கழித்துக்கூட, தகுந்த காரணம் காட்டினால் கம்பியை அகற்றவோ இடம் மாற்றவோ உத்தரவிட முடியும். தடுத்து நிற்கும் அண்டை வீட்டுக்காரரின் நலன் இத்தனை இடங்களில் கணக்கில் எடுக்கப்பட்டிருக்கிறது. விதியைப் படித்தவர்கள் யாரும் இதை அடாவடிச் சட்டம் என்று சொல்ல மாட்டார்கள். படித்தவர்கள் குறைவு என்பதுதான் வருத்தம்.

பிறகு ஏன் இது நடப்பதில்லை? பிரிவு அலுவலகத்தில் உட்கார்ந்திருக்கும் உதவிப் பொறியாளரின் இடத்திலிருந்து பார்த்தால் பதில் கிடைக்கும். ஆட்சியருக்கோ ஆணையருக்கோ கோப்பு அனுப்ப வேண்டுமென்றால் வரைபடம் போட வேண்டும், செயற்பொறியாளர் வழியாக மேலே போக வேண்டும், நேரில் ஆஜராகி விளக்க வேண்டும். அதைவிட “பக்கத்து வீட்டுக்காரர்கிட்ட என்.ஓ.சி. வாங்கிட்டு வாங்க” என்பது சுலபம். அந்த ஒரு வாக்கியத்தில் உரிமதாரரின் சட்டக்கடமை விண்ணப்பதாரரின் தனிப்பட்ட பிரச்சினையாக மாறிவிடுகிறது. காலக்கெடுவும் அங்கேயே நின்றுவிடுகிறது. மின்நுகர்வோர் உரிமை விதிகளில் 2024-இல் செய்த திருத்தம் புது இணைப்புக்கான கெடுவைப் பெருநகரங்களில் 3 நாள், மற்ற நகராட்சிப் பகுதிகளில் 7 நாள், கிராமங்களில் 15 நாள் என்று குறைத்தது. ஆட்சேபம் என்ற ஒரு சொல் கோப்பில் ஏறியதும் அந்த நாட்கள் எல்லாம் காற்றில் போய்விடுகின்றன. உச்ச நீதிமன்றம் 2022 மே மாதம் திலீப் எதிர் சதீஷ் வழக்கில், வீட்டு உரிமையாளர் தடையில்லாச் சான்று தரவில்லை என்பதற்காக வாடகைதாரருக்கு மின்சாரத்தை மறுக்க முடியாது என்று சொன்னது. விண்ணப்பித்தவர் அந்த இடத்தில் குடியிருக்கிறாரா என்பதை மட்டும் மின்வாரியம் பார்த்தால் போதும் என்றும் சொன்னது. வீட்டின் சொந்தக்காரரே என்.ஓ.சி. தராதபோது நிலைமை இதுவென்றால், பக்கத்து வீட்டுக்காரரின் என்.ஓ.சி.க்கு எவ்வளவு மதிப்பு இருக்க முடியும்? அவருடைய நிலத்தின் மேல் கம்பி போகும் அளவுக்கு மட்டும்தான் அவருக்குப் பேச்சு உண்டு. அந்தப் பேச்சைக் கேட்க வேண்டிய இடமும் மூன்றாவது விதியில் இருக்கிறது.

காவல்துறையின் பக்கம் வருவோம். “சிவில் மேட்டர்” என்ற சொல்லை ஒரேயடியாகப் பழிக்க எனக்கு மனமில்லை. சந்து யாருக்குச் சொந்தம், பத்திரத்தில் உள்ள நான்கெல்லை சரியா, இருபது வருடமாக நடந்துவந்த வழியுரிமை உண்டா என்பதையெல்லாம் ஓர் ஆய்வாளர் மேசைக்கு இந்தப் பக்கம் இருவரை நிற்க வைத்துத் தீர்ப்பதை நாம் விரும்புகிறோமா? அதற்குப் பெயர் கட்டப்பஞ்சாயத்து. அதற்கு எதிராக நீதிமன்றங்கள் எத்தனையோ முறை எச்சரித்திருக்கின்றன. 2006-இல் பி.ஆர். முரளிதரன் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது. போலீஸ் பாதுகாப்பு கோரும் ரிட் மனுவை, தீர்மானிக்கப்படாத உரிமையியல் தகராறைக் குறுக்குவழியில் தீர்த்துக்கொள்ளும் கருவியாக்கக் கூடாது என்றும், உரிய மன்றம் ஏற்கெனவே அறிவித்த உரிமையைக் காக்கும்போதுதான் அப்படிப்பட்ட மனுவுக்கு இடம் உண்டு என்றும் அது சொன்னது. உயர் நீதிமன்றத்துக்கு நேரே ஓடும் பலர் வெறுங்கையோடு திரும்புவது இதனால்தான். கையில் உத்தரவு இல்லாமல் காவல் கேட்டால், முதலில் உங்கள் உரிமையை நிரூபித்துவிட்டு வாருங்கள் என்பதுதான் பதிலாக இருக்கும்.

உத்தரவு வந்த பிறகும் அதே “சிவில் மேட்டர்” பல்லவியைப் பாடினால் அது தட்டிக்கழிப்பு. ஆணையரோ ஆட்சியரோ கையெழுத்திட்டு அனுமதி கொடுத்த வேலையைத் தடுப்பவர் பொது ஊழியரின் கடமையைத் தடுக்கிறார். அதற்குப் பாரதிய நியாய சன்ஹிதாவின் 221-ஆம் பிரிவு இருக்கிறது. கைவைத்தால் 132 இருக்கிறது. 2024 ஜூலைக்கு முன்பு இவை இந்திய தண்டனைச் சட்டத்தின் 186, 353 ஆக இருந்தவை. எண் மாறியதே தவிரக் கடமை மாறவில்லை. நிலத்தையோ நீரையோ பயன்படுத்தும் உரிமை பற்றிய தகராறில் அமைதி குலையும் நிலை வந்தால், நிர்வாக நடுவர் விசாரித்து இடைக்கால முடிவு எடுப்பதற்கும் குற்றவியல் நடைமுறையில் வழி உண்டு. ஆக, காவல் நிலையத்துக்கும் உரிமையியல் நீதிமன்றத்துக்கும் இடையில் ஒன்றுமே இல்லை என்பது போல நம்மை அங்குமிங்கும் அலைய விடுவது அறியாமை, இல்லையென்றால் சோம்பல்.

உத்தரவுக்கு முன்னால் காவலர் வந்தால் என்ன ஆகும் என்பதைக் கொங்கு நாட்டுக்கு யாரும் புதிதாகச் சொல்லித்தர வேண்டியதில்லை. மின்சாரமும் போலீசும் சேர்ந்து வந்த நினைவு இந்த மண்ணில் ரத்தத்தோடு பதிந்திருக்கிறது. பம்புசெட் மின்கட்டண உயர்வை எதிர்த்த போராட்டத்தில் 1970 ஜூனில் பெருமாநல்லூரில் துப்பாக்கிச் சூடு நடந்து மூன்று விவசாயிகள் இறந்தார்கள். இரண்டு வருடம் கழித்து நாராயணசாமி நாயுடுவின் தலைமையில் மாட்டுவண்டிகள் கோவை நகரத்துக்குள் திரண்டு வந்து சாலைகளை அடைத்தன. அவை கட்டணப் போராட்டங்கள், கம்பத் தகராறுகள் இல்லை என்பது சரிதான். ஆனால் தோட்டத்துக்குள் காக்கிச்சட்டை நுழைந்தால் இங்கே ஒரு குடியானவர் மனதில் எது முதலில் எழும் என்பதை அந்த வருடங்களைத் தெரிந்தவர்களால்தான் புரிந்துகொள்ள முடியும்.

பக்கத்திலேயே இன்னும் பொருத்தமான பாடம் கெயில் எரிவாயுக் குழாய். கொச்சியிலிருந்து பெங்களூருக்குப் போக வேண்டிய குழாய், தமிழகத்தில் கோவை, திருப்பூர், ஈரோடு, நாமக்கல், சேலம், தர்மபுரி, கிருஷ்ணகிரி ஆகிய ஏழு மாவட்டங்களில் சுமார் 310 கிலோமீட்டர் கடக்கத் திட்டமிடப்பட்டது. 1962-ஆம் ஆண்டுச் சட்டப்படி நிலத்தை வாங்காமல் பயன்பாட்டு உரிமையை மட்டும் எடுத்துக்கொண்டு, அதற்கு நில மதிப்பில் 10 விழுக்காடு கொடுத்தால் போதும். சட்டப்படி எல்லாம் சரி. ஆனால் 20 மீட்டர் அகலத்துக்குத் தோட்டத்தைப் பிளந்துகொண்டு போகும் குழாயின் மேல் தென்னை வைக்க முடியாது, கிணறு வெட்ட முடியாது, வீடு கட்ட முடியாது. ஆட்சேபத்தை உருப்படியாகக் கேட்பதற்கு முன்பே 2013 தொடக்கத்தில் போலீஸ் பந்தோபஸ்தோடு இயந்திரங்கள் தோட்டத்துக்குள் இறங்கின. தடுத்தவர்கள் கைதானார்கள். போராட்டம் பரவிய பிறகு, மார்ச் மாதம் கோவையில் அரசு விவசாயிகளின் கருத்தைக் கேட்டது. ஏப்ரலில், குழாயை நெடுஞ்சாலை ஓரமாகக் கொண்டுபோங்கள் என்று முதல்வர் ஜெயலலிதா அறிவித்தார். அந்த உத்தரவை அதே ஆண்டு நவம்பரில் சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. 2016 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றமும் கெயில் பக்கமே நின்றது. சட்டம் ஜெயித்தது, குழாய் ஜெயிக்கவில்லை. 2021 ஜனவரியில் கொச்சி–மங்களூரு பகுதி திறந்துவைக்கப்பட்டபோது, தமிழகம் வழியே பெங்களூரு போகும் பகுதி முடிந்திருக்கவில்லை.

கேரளத்தில் எதிர்ப்பே இல்லை என்று யாராவது சொன்னால் அது பொய். 2017 நவம்பரில் கோழிக்கோடு மாவட்டத்தின் முக்கம் பகுதியில் கல்லெறியும் தடியடியும் நடந்தன. பாடத்துக்கு அங்கேயும் விலை கொடுத்தார்கள். ஆனால் அதற்குப் பிறகு அரசு இழப்பீட்டை உயர்த்தியது, சின்ன மனைக்காரர்களோடு உட்கார்ந்து பேசியது. குழாய் போய்ச் சேர்ந்தது. நான் இங்கே காவலர்களின் எண்ணிக்கையை ஒப்பிடவில்லை. காவலர் வருவதற்கு முன்னும் பின்னும் யார் மக்களோடு பேசினார்கள் என்பதைத்தான் ஒப்பிடுகிறேன். உயரழுத்த மின்பாதைகளுக்கும் இது பொருந்தும். அவற்றுக்கும் பயன்படும் 1885-ஆம் ஆண்டுத் தந்திச் சட்டத்தின் 16-ஆம் பிரிவில், வேலையைத் தடுத்தால் மாவட்ட நடுவரின் உத்தரவு வாங்க வேண்டும், அந்த உத்தரவை மீறினால்தான் குற்றம் என்ற வரிசை தெளிவாக இருக்கிறது. பழைய தந்திச் சட்டத்தை 2023-ஆம் ஆண்டுத் தொலைத்தொடர்புச் சட்டம் ரத்து செய்தபோதும், மின்பாதைக்கான இந்தப் பகுதியை மட்டும் உயிரோடு வைத்தது. வெள்ளைக்காரன் காலத்துச் சட்டமே ஆட்சியர் உத்தரவுக்குப் பிறகுதான் வலுவைக் காட்டலாம் என்று சொல்லியிருக்க, நாம் அதற்கு முன்பே போலீஸ் வேனைக் கூப்பிடுகிறோம்.

இதற்கு எதிராக எழும் வாதங்களில் முதலாவது, தோட்டத்தையும் சந்தையும் ஒரே தராசில் வைக்கலாமா என்பது. வைக்கக் கூடாதுதான். ஒரு தோட்டத்தின் நடுவே நிற்கும் உயரழுத்தக் கோபுரம் அந்த விவசாயியின் வாழ்வாதாரத்தில் ஒரு பங்கைத் தின்கிறது. அதனால்தான் மத்திய மின்துறை அமைச்சகம் 2015-இல் கோபுரம் நிற்கும் இடத்துக்கு நில மதிப்பில் 85 விழுக்காடு என்று வைத்த இழப்பீட்டை, 2024 ஜூனில் 200 விழுக்காடாக உயர்த்தியது. கம்பிக்கு அடியிலுள்ள நிலத்துக்கும் 30 விழுக்காடு என்றது. ஆறடிச் சந்தில் மண்ணுக்கடியில் போகும் கேபிளால் முன்பாகத்துக்காரருக்கு ஏற்படும் நட்டம், தோண்டிய கல்லைத் திரும்பப் பதிக்கும் செலவைத் தாண்டாது. ஆனால் நட்டத்தின் அளவு வேறானாலும் கேட்கும் முறை ஒன்றாக இருக்க வேண்டும். பெரிய நட்டத்துக்குப் பெரிய தொகை, சின்ன நட்டத்துக்குச் சின்னத் தொகை, எதற்கும் முன்னால் ஒரு விசாரணை. நட்டமே இல்லாதவர் அந்த விசாரணையில் நின்றால் அவர் காரணம் அரை மணி நேரத்தில் வெளுத்துவிடும். சந்துத் தடைகளில் பெரும்பாலானவற்றுக்கு வேர் கேபிளில் இல்லை. பாகப்பிரிவினையில் கூடக்குறையப் போன ஒரு சென்ட் நிலமும், வராமல் போன ஒரு கல்யாணப் பத்திரிகையும்தான் அங்கே கார் வடிவத்தில் குறுக்கே நிற்கின்றன.

இரண்டாவது வாதம் வழக்கறிஞர்களிடமிருந்து வரும். சொத்து பற்றி வழக்கு நிலுவையில் இருக்கும்போது நிர்வாக அதிகாரி எப்படி உள்ளே வரலாம் என்று கேட்பார்கள். நீதிமன்றம் தடையாணை போட்டிருந்தால் வரக்கூடாது, அதில் இரு கருத்துக்கு இடமே இல்லை. ஆனால் வழக்கு எண் வாங்குவதும் தடையாணை வாங்குவதும் ஒன்றில்லை. ஒரு மனுவைத் தாக்கல் செய்துவிட்டு அதன் நகலைத் தடையாணை போல லைன்மேனிடம் காட்டுவது நம் ஊரில் நன்றாகத் தேறிய கலை. மூன்றாவது விதியின் கீழ் கிடைக்கும் அனுமதி நிலத்தின் உடைமையைத் தீர்மானிப்பதில்லை. கேபிள் போனதால் சந்து பின்பாகத்துக்காரருடையதாகிவிடாது. நாளை நீதிமன்றம் சந்து முழுக்க முன்பாகத்துக்காரருக்கே என்று தீர்த்தாலும், அவர் இழப்பீடு கேட்கலாம், பாதையை மாற்றக் கேட்கலாம். இருட்டில் இருக்கும் வீட்டுக்கு அந்த வருடங்களைத் திருப்பிக் கொடுக்க எந்தத் தீர்ப்பாலும் முடியாது. தங்குமிட உரிமைக்குள் குடிநீரும் மின்சாரமும் அடக்கம் என்று உச்ச நீதிமன்றம் 1996-லேயே சமேலி சிங் வழக்கில் சொல்லிவிட்டது.

மூன்றாவது வாதத்தை நான் அதிக மரியாதையோடு பார்க்கிறேன். அதிகாரியின் உத்தரவு, அதன் பின்னால் காவல் என்ற ஏற்பாடு வசதி உள்ளவர்கள் கைக்குத்தானே போகும், எளியவர் வீட்டுச் சுவரை உடைத்துக்கொண்டு செல்வாக்குள்ளவரின் கேபிள் போகாதா என்ற பயம் அது. போகக்கூடும். ஆனால் இன்றுள்ள நிலை யாருக்குச் சாதகம் என்று பார்க்க வேண்டும். எழுத்தில் ஒன்றும் இல்லாதபோது செல்வாக்குள்ளவர் ஒரு போனில் வேலையை முடித்துக்கொள்கிறார். அவருக்கு ஆணையரின் தாளும் தேவையில்லை, சி.எஸ்.ஆர். ரசீதும் தேவையில்லை. ஆறு மாதம் அலைபவர் வாடகைக்குக் குடியிருப்பவர், தனியாக இருக்கும் விதவை, அண்ணன்மார் ஒதுக்கிவைத்த தம்பி. கிராமத்துக்குப் போனால் இது இன்னும் கூர்மையாகிறது. தலித் குடியிருப்புக்குப் போகும் மின்கம்பமோ குடிநீர்க் குழாயோ பெரும்பாலும் மற்றவர் தோட்டத்தையோ இட்டேரியையோ தாண்டித்தான் போக வேண்டியிருக்கும். அங்கே “என்.ஓ.சி. வாங்கிட்டு வாங்க” என்று சொல்வது, யார் தயவில் வாழ்கிறாய் என்பதை நினைவூட்டும் வேலை. பொதுவழியையோ தண்ணீர்க் குழாயையோ பட்டியல் சாதியினர் பயன்படுத்துவதைத் தடுப்பது வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் கீழ் குற்றம் என்று 2015-ஆம் ஆண்டுத் திருத்தம் விரித்துச் சொல்லியிருக்கிறது. அத்தகைய இடத்தில் காவல்துறை உத்தரவுக்காகக் காத்திருக்க வேண்டியதே இல்லை, வழக்குப் பதிய வேண்டும். எழுத்துப்பூர்வ நடைமுறை எளியவருக்குத்தான் அதிகம் தேவைப்படுகிறது, ஏனென்றால் அவரிடம் வேறு எதுவும் இல்லை.

காவல்துறையில் ஆள் பற்றாக்குறை, ஒவ்வொரு கேபிளுக்கும் பந்தோபஸ்து போட முடியுமா என்பார்கள். ஒவ்வொன்றுக்கும் தேவைப்படாது. கையெழுத்தும் முத்திரையும் உள்ள தாளைக் கண்டதும் பாதிக் கார்கள் தாமாகவே நகர்ந்துவிடும் என்பது என் கணிப்பு. மீதிக்கு ஒரு காலைப்பொழுதும், ஓர் உதவி ஆய்வாளரும், ஒரு பெண் காவலரும், நடப்பதை வீடியோ எடுக்க ஓர் ஆளும் போதும். காவலரின் வேலை சந்தைத் திறந்து வைத்திருப்பது மட்டும். கேபிளைத் தொடுவதும், எந்த இடத்தில் தோண்டுவது என்று சொல்வதும் பொறியாளரின் வேலை. உத்தரவோடு இணைத்த வரைபடத்தில் உள்ள கோட்டை விட்டு ஓரடி தள்ளித் தோண்டினாலும் காவலர் அங்கேயே நிறுத்த வேண்டும். பாதுகாப்பு என்பது இரு தரப்புக்கும் சேர்த்துத்தான்.

மின்சாரத்தை மட்டும் பேசினால் பாதிக்கதை விட்டுப்போகும். பழைய மாநகராட்சி எல்லையிலுள்ள 60 வார்டுகளுக்கு 24 மணி நேரக் குடிநீர் கொடுக்க 2018-இல் சூயஸ் நிறுவனத்தோடு போட்ட ஒப்பந்தம் கோவையில் எவ்வளவு சர்ச்சையைக் கிளப்பியது என்பது எல்லாரும் அறிந்தது. அந்த ஒப்பந்தம் நல்லதா என்ற வாதம் வேறு. அதன்படி புதுக் குழாய்கள் தெருவில் போய், அங்கிருந்து சந்துக்குள் வீட்டு இணைப்பாகத் திரும்பும்போது, கேபிளுக்கு வந்த அதே கார் குழாய்க்கும் வரும். ரோட்டில் தோண்டுவதற்கு அனுமதி வாங்க ஒப்பந்தக்காரருக்குத் தெரியும். சந்தில் தகராறு வந்தால் யாரிடம் போவது என்று அவருக்கும் தெரியாது, அவரை மேற்பார்க்கும் உதவிப் பொறியாளருக்கும் தெரியாது. இந்தப் பகுதிக்குப் பெயர் கொடுத்த ரத்தினசபாபதி முதலியார் நகராட்சித் தலைவராக இருந்து சிறுவாணித் தண்ணீரைக் கோவைக்குக் கொண்டுவந்தவர் என்று போற்றப்படுகிறார். மலையிலிருந்து ஊர்வரை வந்த குழாய் எத்தனை பேர் நிலத்தைக் கடந்து வந்திருக்கும் என்பதை, அவர் பெயர் தாங்கிய பகுதியின் தெருக்களில் கடைசி ஆறடிக்கு மல்லுக்கட்டுபவர்கள் ஒரு நிமிடம் யோசிக்கலாம்.

செய்ய வேண்டியது பெரிய சட்டத் திருத்தம் ஒன்றும் இல்லை. ஆட்சேபம் வந்த அன்றே உதவிப் பொறியாளர் இடத்தைப் பார்த்து, ஆட்சேபித்தவர் சொன்ன காரணத்தையும் மாற்றுப்பாதை உண்டா என்பதையும் எழுதி, வரைபடத்தோடு ஆணையருக்கோ ஆட்சியருக்கோ அனுப்ப வேண்டும் என்று மின் பகிர்மானக் கழகம் ஒரு சுற்றறிக்கை போட்டால் போதும். அனுப்புவதற்கு ஒரு வாரம், விசாரித்து உத்தரவு போட மூன்று வாரம் என்று கெடு வைக்கலாம். ஆணையர் அலுவலகத்தில் இதற்கென்று ஓர் அலுவலரை நியமிக்கலாம். உத்தரவின் கடைசி வரியிலேயே, எந்தத் தேதியில் எந்தக் காவல் நிலையம் பாதுகாப்பு தர வேண்டும் என்று குறித்துவிட்டால், ஆர்.எஸ்.புரம் காவல் நிலையத்தில் யாரும் தனியாக மனு எழுத வேண்டியிருக்காது. கெடு தவறினால், விண்ணப்பதாரர் மின்நுகர்வோர் குறைதீர்க்கும் மன்றத்தில் புகார் செய்யும்போது, அண்டை வீட்டுக்காரரின் ஆட்சேபத்தைத் தாமதத்துக்குச் சாக்காக ஏற்கக் கூடாது. கோப்பு எந்தத் தேதியில் ஆணையருக்கு அனுப்பப்பட்டது என்பதை முதல் கேள்வியாகக் கேட்க வேண்டும். திங்கள்கிழமை தோறும் ஆட்சியர் அலுவலகத்தில் நடக்கும் குறைதீர்க்கும் நாளில், எஸ்டிமேட் பணம் கட்டிய ரசீதைக் கையில் பிடித்தபடி வரிசையில் நிற்பவர்களைப் பார்த்து, உங்கள் ஏ.இ. எங்கே என்று ஆட்சியர் ஒரு தடவை கேட்டாலும் இந்த வேலை தொடங்கிவிடும்.